சுவரில் ஓட்டை, கணக்கில் ஓட்டை: ‘போர்ட்டல்’ கேம் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

2007 அக்டோபர் 10 அன்று அமெரிக்க கேம் நிறுவனமான வால்வ், ‘தி ஆரஞ்சு பாக்ஸ்’ என்ற பெயரில் ஐந்து கேம்களை ஒரே பெட்டியில் போட்டு விற்பனைக்கு விட்டது. ‘ஹாஃப்-லைஃப் 2’, அதன் இரண்டு தொடர்ச்சிகள், ‘டீம் ஃபோர்ட்ரஸ் 2’ ஆகிய நான்குக்கும் ஏற்கெனவே ரசிகர் கூட்டம் இருந்தது. ஐந்தாவது, மூன்று நான்கு மணி நேரத்தில் ஆடி முடித்துவிடக்கூடிய சின்ன கேம். பத்துப் பேருக்கும் குறைவான குழு செய்தது. அதில் பலர் கல்லூரி முடித்து நேராக வேலைக்கு வந்தவர்கள். கொசுறாக உள்ளே போட்டது போலிருந்த அந்த ‘போர்ட்டல்’தான் அடுத்த ஆண்டு கேம் டெவலப்பர்ஸ் சாய்ஸ் விருதுகளில் ஆண்டின் சிறந்த கேம் ஆனது. 2012இல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் 14 வீடியோ கேம்களைத் தன் சேகரிப்பில் சேர்த்தபோது, ‘பேக்-மேன்’, ‘டெட்ரிஸ்’ இருந்த அதே பட்டியலில் இதுவும் இருந்தது.

விருதுகள் இருக்கட்டும். இயற்பியல் தெரிந்தவர்களை இந்த கேம் உறுத்தியிருக்க வேண்டும். ஆற்றல் அழிவின்மை விதியையே தூக்கிப் போட்டுவிட்டு நடக்கிற உலகம் இது. ஆனால் ஆடும்போது உறுத்துவதே இல்லை. மாறாக, இவ்வளவு கறாரான உலகம் வேறு இல்லை என்றுதான் தோன்றுகிறது. ஏன் அப்படி? நான் பார்த்த அளவில் பதில் இதுதான்: போர்ட்டல் ஒரு விதியை எல்லார் கண்முன்னும் உடைக்கிறது, இன்னொரு விதியை விடாப்பிடியாகக் காப்பாற்றுகிறது, மிச்ச இடங்களில் ஆடுபவருக்குத் தெரியாமல் தில்லுமுல்லு செய்கிறது. எதை உடைக்கலாம், எதில் கை வைக்கக் கூடாது, எங்கே ஏமாற்றலாம் என்பதில் பெரும்பகுதியை அந்தக் குழு கற்றுக்கொண்டது ஆட்களைக் கூப்பிட்டு ஆடவைத்து, பக்கத்தில் நின்று பார்த்துத்தான்.

(கதையின் முடிவு வரை பேசப்போகிறேன். இன்னும் ஆடாதவர்கள் ஆடிவிட்டு வருவது நல்லது.)

ஆட்டம் என்ன

செல் என்ற பெண் ஒரு கண்ணாடி அறையில் கண் விழிக்கிறாள். இடம், அப்பெர்ச்சர் சயின்ஸ் என்ற நிறுவனத்தின் ஆய்வுக்கூடம். மனிதர்கள் ஒருவரும் இல்லை. கிளாடோஸ் என்ற இயந்திர அறிவின் குரல் மட்டும் அவளை ஒவ்வொரு சோதனை அறையாக அனுப்புகிறது. 00 முதல் 19 வரை அறைகள். கையில் கிடைக்கும் துப்பாக்கியில் குண்டு கிடையாது. ஒரு சுவரில் சுட்டால் நீல ஓட்டை, இன்னொன்றில் சுட்டால் ஆரஞ்சு ஓட்டை. நீலத்துக்குள் நுழைந்தால் ஆரஞ்சில் வெளியே வரலாம், திரும்பியும் போகலாம். இடையில் உள்ள தூரம் என்பதே இல்லாமல் போய்விடுகிறது. இந்த ஓட்டைக்குத்தான் போர்ட்டல் என்று பெயர்.

பார்வை செல்லின் கண் வழியாக இருப்பதால் பலர் இதைத் துப்பாக்கிச் சண்டை கேம் என்று நினைத்துவிடுவார்கள். உண்மையில் இது பிளாட்ஃபார்ம் கேம் குடும்பத்தைச் சேர்ந்தது: தாண்ட முடியாத பள்ளம், விழுந்தால் சாவு தரும் நச்சு நீர், நகரும் மேடை, சரியான நொடியில் குதிக்க வேண்டிய கட்டாயம். எல்லாம் பழைய சரக்குதான். பள்ளத்தைத் தாண்டும் வழி மட்டும் புதிது.

குதிக்கத் தெரியாத இளவரசி

இந்த யோசனை வால்வில் பிறக்கவில்லை. வாஷிங்டன் மாநிலம் ரெட்மண்டில் உள்ள டிஜிபென் தொழில்நுட்பக் கல்லூரியில் கிம் ஸ்விஃப்ட் உள்ளிட்ட மாணவர் குழு ஒன்று இறுதி ஆண்டுத் திட்ட வேலையாக ‘நார்பாகுலர் டிராப்’ என்ற கேமைச் செய்து 2005இல் இலவசமாக வெளியிட்டது. பாதாளச் சிறையில் அரக்கன் அடைத்துவைத்த இளவரசி ஒருத்தி, ஒன்றையொன்று இணைக்கும் இரண்டு வாசல்களைச் சுவரிலும் தரையிலும் போட்டுத் தப்பிக்கிறாள். அவள் பெயரே ‘முட்டி இல்லாதவள்’. அவளுக்குக் குதிக்க வராது.

பிளாட்ஃபார்ம் கேமில் குதிக்கத் தெரியாத நாயகி! மாணவர்களின் குறும்பு போலத்தான் தெரியும். ஆனால் அந்தக் கேமில் சரியாக அமைந்த முடிவுகளில் முதலாவது இதுதான் என்பேன். குதிக்க முடிந்தால் ஆடுபவர் பழைய பழக்கத்தில் குதித்துத்தான் பார்ப்பார். வாசல் யோசனை ஓர் அலங்காரமாக ஒதுங்கி நின்றுவிடும். குதிப்பதை எடுத்துவிட்டதால் வாசலை விட்டால் வேறு கதி இல்லை. எந்தச் சுவரில் வாசல் ஒட்டும், எதில் ஒட்டாது என்ற பாகுபாடும் அப்போதே இருந்தது: மண்ணும் பாறையும் சரி, உலோகத்தில் ஒட்டாது. பின்னால் வந்த போர்ட்டலில் வெள்ளைச் சுவர், கறுப்பு உலோகத் தகடு என்று இது மாறியது.

கல்லூரியில் நடந்த வேலைவாய்ப்புக் கண்காட்சியில் வால்வின் ராபின் வாக்கர் இதைப் பார்த்துவிட்டு, அலுவலகத்துக்கு வந்து காட்டச் சொன்னார். மாணவர்கள் போய் நிறுவனத் தலைவர் கேப் நியூவெலிடம் ஆடிக் காட்டினார்கள். கால் மணி நேரம்கூட ஆகியிருக்காது. ‘இங்கேயே வந்து இதைச் செய்யுங்கள்’ என்று குழுவுக்கே வேலை கொடுத்துவிட்டார். இதற்கப்புறம் போர்ட்டல் முடிய இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆனது.

இடத்தை இணைக்கும் வாசல்கள் அதற்கு முன்னும் கேம்களில் இருந்தன. 2006இல் வந்த ‘ப்ரே’ என்ற கேமில் அவை நன்றாகவே வேலை செய்தன. ஆனால் அங்கே வாசல் எங்கே இருக்க வேண்டும் என்று முடிவு செய்தவர் கேமை வடிவமைத்தவர். போர்ட்டலில் அந்த முடிவு ஆடுபவர் கையில். கேட்கச் சின்ன வித்தியாசம்தான். செய்து பார்க்கிறவர்களுக்குத்தான் அதன் பாரம் தெரியும்.

ஓட்டைக்குப் பின்னால் நடக்கும் வேலை

கேம் எஞ்சின்கள், அதாவது கேமை இயக்கும் அடிப்படை மென்பொருள்கள், பொதுவாகச் சில விஷயங்களை முன்கூட்டியே கணக்குப் போட்டு வைத்துக்கொள்ளும். எந்த அறையிலிருந்து எந்த அறை தெரியும், எந்தச் சுவர் எதை மறைக்கும் என்பதெல்லாம் ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே முடிந்த கணக்கு. வால்வின் சோர்ஸ் எஞ்சினும் அப்படித்தான். ஆடுபவர் நினைத்த இடத்தில் ஓட்டை போடலாம் என்றவுடன் அந்தக் கணக்கு போதாமல் போகிறது. ஓட்டை வழியாகத் தெரியும் காட்சியை அந்தந்த நொடியில் இன்னொரு முறை வரைய வேண்டும். அந்தக் காட்சியில் இன்னொரு ஓட்டை தெரிந்தால் அதற்குள்ளும் வரைய வேண்டும். எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டையும் போட்டு நின்றால் செல்லின் முதுகையே செல் பார்க்கலாம்; அதற்கப்பால் இன்னொரு செல், அதற்கப்பால் இன்னொருத்தி. எத்தனை அடுக்கு வரை வரைவது என்று எங்காவது நிறுத்தித்தான் ஆக வேண்டும்.

காட்சியைவிடத் தலைவலி தந்தது மோதல் கணக்கு. ஒரு பெட்டி போர்ட்டலில் பாதி நுழைந்து நிற்கிறது என்று வைத்துக்கொள்வோம். முன்பாதி வேறு அறையில், பின்பாதி இங்கே. எஞ்சினைப் பொறுத்தவரை சுவர் இன்னும் சுவர்தான். அதில் பெட்டி நுழையவே முடியாது. இதற்குக் குழு கண்ட வழி எனக்கு மிகவும் பிடித்தது. ஒவ்வொரு போர்ட்டலைச் சுற்றியும் தனியாக ஒரு குட்டி இயற்பியல் உலகத்தை உருவாக்கினார்கள். அந்தக் குட்டி உலகத்தில் மட்டும் சுவர் ஓட்டை போடப்பட்டு இருக்கும். பெட்டி போர்ட்டலை நெருங்கியதும் பெரிய உலகத்திலிருந்து குட்டி உலகத்துக்கு மாற்றப்படும். மறுபக்கத்தில் அதன் கண்ணுக்குத் தெரியாத நிழல் நகல் ஒன்று முளைக்கும். அந்தப் பக்கம் யாராவது முன்பாதியைத் தள்ளினால், நகல் அந்தத் தள்ளலை இந்தப் பக்கத்துப் பெட்டிக்குக் கடத்தும்.

ஆக, சுவரில் ஓட்டை எப்போதும் விழுவதே இல்லை. ஓட்டை உள்ள உலகம் ஒன்று பக்கத்தில் தற்காலிகமாக ஓடுகிறது, அவ்வளவுதான். இந்த ஏற்பாட்டில் ஒரு கட்டுப்பாடும் உண்டு. போர்ட்டல் இருக்கும் பரப்பு நகரக் கூடாது. நகரும் மேடையில் போர்ட்டல் போட்டால் ஒட்டாது, இருந்த போர்ட்டலின் சுவர் நகர்ந்தால் போர்ட்டல் மறைந்துவிடும். இதை நிரலாளரின் சோம்பல் என்று தள்ளிவிட முடியாது, கேள்வியே கடினமானது. நின்றுகொண்டிருக்கும் பெட்டியின் மேல் ஒரு போர்ட்டல் வேகமாக வந்து கவிழ்ந்தால், பெட்டி மறுபக்கம் பாய்ந்து வெளியே வருமா, சும்மா நிற்குமா? ஓய்வு எது, இயக்கம் எது என்பது யாரைப் பொறுத்து என்ற பழைய கேள்வி இது. ரசிகர்கள் இன்றைக்கும் இதை வைத்துச் சண்டை போடுகிறார்கள். கேம் தன் உலகத்தில் அந்தக் கேள்வி எழாமல் பார்த்துக்கொண்டது.

காப்பாற்றிய விதி

பத்தாம் எண் அறையில் கிளாடோஸ் ஒரு குட்டிப் பாடம் நடத்துகிறது. உந்தம் (நிறையைத் திசைவேகத்தால் பெருக்கியது) போர்ட்டல்களுக்கு இடையே மாறாமல் இருக்கும். எளிமையாகச் சொன்னால் வேகமாக உள்ளே போவது வேகமாகவே வெளியே வரும் என்பது சாரம். இதுதான் இந்த கேமின் முதுகெலும்பு.

பத்து மீட்டர் பள்ளத்தின் அடியில் ஒரு போர்ட்டல், மேலே செங்குத்துச் சுவரில் தரையிலிருந்து ஐந்து மீட்டர் உயரத்தில் இன்னொன்று. பள்ளத்தில் குதிக்கிறீர்கள். அடியைத் தொடும்போது வேகம் நொடிக்கு 14 மீட்டர், அதாவது மணிக்கு 50 கிலோமீட்டர். அதே வேகத்தில் சுவரிலிருந்து கிடைமட்டமாகப் பீறிட்டு வெளியே வருவீர்கள். ஐந்து மீட்டர் கீழே விழ ஒரு நொடி ஆகும். அதற்குள் 14 மீட்டர் தாண்டியிருப்பீர்கள். தூரம் வேண்டுமா, உயரத்திலிருந்து விழு. பிளாட்ஃபார்ம் கேம்களில் எப்போதும் விரோதியாக இருந்த பள்ளம் இங்கே எரிபொருள்.

கிளாடோஸ் சொன்ன பாடம் தேர்வில் முழு மதிப்பெண் வாங்காது. உந்தம் திசையும் உள்ள அளவு. 60 கிலோ ஆள் கீழ்நோக்கி நொடிக்கு 14 மீட்டரில் போனால் உந்தம் 840 அலகு, கீழ்நோக்கி. வெளியே வரும்போதும் 840தான், ஆனால் கிடைமட்டமாக. திசை மாறினால் உந்தம் மாறியது என்றே பொருள். அந்த மாற்றத்தை யாராவது ஏற்க வேண்டும். நியூட்டனின் மூன்றாம் விதிப்படி சுவருக்கு ஓர் உதை விழுந்திருக்க வேண்டும். கேமில் சுவர் அசையாது. மாறாமல் இருப்பது வேகத்தின் அளவும், போர்ட்டலின் முகப்பைப் பொறுத்த திசையும் மட்டும்தான்.

ஆடுபவருக்கு அது போதும், அதுவும் விதிவிலக்கே இல்லாமல் கிடைக்க வேண்டும் என்பதுதான் இங்கே முக்கியம். பெட்டிக்கும் இதே விதி, ஒளிரும் ஆற்றல் உருண்டைக்கும் இதே விதி, சுடும் காவல் இயந்திரத்தைத் தூக்கிப் போட்டாலும் இதே விதி. ஓர் அறையில் கற்றது அடுத்த அறையில் பொய்க்காது. அதனால்தான் பன்னிரண்டாம் அறையைத் தாண்டும்போது ஆட்கள் காற்றில் பறந்துகொண்டே அடுத்த போர்ட்டலைச் சுடத் துணிகிறார்கள்.

கணக்கில் விழுந்த ஓட்டை

தரையில் ஒரு போர்ட்டல், அதற்கு நேர்மேலே கூரையில் இன்னொன்று. உள்ளே குதித்தால் விழுந்துகொண்டே இருக்கலாம். கூரை உயரம் மூன்று மீட்டர், ஆள் எடை 60 கிலோ என்றால் ஒவ்வொரு சுற்றிலும் சுமார் 1,760 ஜூல் ஆற்றல் எங்கிருந்தோ வந்து சேர்கிறது. கீழே ஒரு சக்கரத்தை வைத்து அதைச் சுழற்றினால் ஊருக்கே மின்சாரம் கொடுக்கலாம். அப்பெர்ச்சர் சயின்ஸ் இந்தக் கருவியை வைத்துக்கொண்டு சோதனை நடத்திக் காலம் கழித்தது ஏன் என்பதுதான் அந்தக் கதையின் உண்மையான மர்மம்.

நிஜமான இயற்பியலில் இதற்கு நெருங்கிய உறவு புழுத்துளை, அதாவது வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும் குறுக்குவழி. 1935இல் ஐன்ஸ்டைனும் ரோசனும் அத்தகைய பாலம் ஒன்றைச் சமன்பாடுகளில் கண்டார்கள். 1988இல் மோரிஸும் கிப் தோர்னும் ஆள் நடந்து போகக்கூடிய புழுத்துளைக்கு என்னென்ன தேவை என்று கணக்கிட்டார்கள். அந்தக் கணக்கில் இலவச ஆற்றல் கிடையாது. ஒரு வாயில் பொருள் நுழைந்தால் அந்த வாயின் நிறை கூடும், வெளியே விடும் வாயின் நிறை குறையும். மேலும், மேலே உள்ள இடத்தையும் கீழே உள்ள இடத்தையும் ஒட்டிவிட்டால் ஈர்ப்புப் புலமும் அந்த வழியாகக் கசியும். தரைப் போர்ட்டலின் மேல் நிற்கும் ஆளுக்குத் தன் எடையே வித்தியாசமாகத் தெரியும்.

இதையெல்லாம் கேமில் சேர்த்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஆட்டத்தின் எரிபொருளே போயிருக்கும். பள்ளத்தில் குதித்து மேலே உள்ள போர்ட்டலில் வெளிவரும்போது, ஏறிய உயரத்துக்கான ஆற்றலைக் கழித்துக்கொண்டால் வேகம் மிஞ்சாது. ஆகவே உடைத்த விதி ஒன்றுதான். ஆட்டமும் அந்த உடைப்பில்தான் இருக்கிறது. அறிவியல் புனைவில் இது நல்ல ஒழுக்கம். பொய் ஒன்று சொல், அதற்கப்புறம் அந்தப் பொய்க்கு உண்மையாக இரு.

தெரியாமல் செய்த தில்லுமுல்லு

இதுவரை சொன்னது கண்ணுக்குத் தெரியும் பகுதி. இனி வருவதை ஆடுபவர்களில் பெரும்பாலோர் கவனித்திருக்க மாட்டார்கள்.

முதலில் குறி. உயரத்திலிருந்து ஒரு சின்ன வட்டத்துக்குள் சரியாக விழுவது லேசான வேலை இல்லை. அதனால் போர்ட்டலை நோக்கி விழுகிறவரை கேம் மெதுவாக அதன் நடுவுக்கு இழுத்துக்கொள்கிறது. வேண்டாம் என்றால் இந்த உதவியை அமைப்புகளில் நிறுத்திவிடலாம். நிறுத்திவிட்டு ஆடிப் பாருங்கள். நீங்கள் எவ்வளவு சுமாராகக் குதிப்பவர் என்பது தெரிந்துவிடும்.

அடுத்து வேகம். தரையில் உள்ள போர்ட்டல் வழியாக மேலே வரும் ஆளுக்குக் குறைந்தபட்ச வேகம் நொடிக்கு 300 அலகு (அலகு என்பது கேமுக்குள் நீளத்தை அளக்கும் அளவு) என்று நிரலில் எழுதியிருக்கிறது. இல்லாவிட்டால் மெதுவாக வந்தவர் விளிம்பில் தலையை நீட்டிவிட்டு மறுபடி உள்ளே விழுந்து, அங்கே தலையை நீட்டி, இங்கே விழுந்து என்று ஊசலாடிக்கொண்டே இருப்பார். 300 அலகு வேகம் அவரைச் சுமார் 75 அலகு உயரத்துக்குத் தூக்கும். கேமில் நிற்கும் ஆளின் உயரம் 72 அலகு. ஆள் உயரத்துக்கு மேல் ஓர் எம்பு எம்பவிட்டுத் தரையில் இறக்கிவிடுகிறது. மேல் வரம்பும் உண்டு: வெளியேறும் வேகம் 1000 அலகைத் தாண்டாது. வரைபடக் கணக்குப்படி 16 அலகு ஓர் அடி என்று வைத்தால், 52 அடிக்கு மேல் எவ்வளவு ஆழத்தில் விழுந்தாலும் கூடுதல் வேகம் கிடைக்காது என்று வருகிறது. விடாப்பிடியாகக் காப்பாற்றிய விதி என்று சொன்னேனே, அதிலும் இரண்டு முனைகளில் கத்தரி போட்டிருக்கிறார்கள். அந்த முனைகள் வழக்கமான ஆட்டத்தில் கண்ணை உறுத்தாத இடத்தில் இருப்பதுதான் சாமர்த்தியம்.

ஈர்ப்பு முடுக்கமும் பூமியுடையது இல்லை. இந்த கேமில் அது 600 அலகு. அதே 16 அலகுக் கணக்கில் மாற்றினால் நொடிக்கு நொடி 11.4 மீட்டர் வருகிறது; பூமியில் 9.8. இழுவை கொஞ்சம் கூடினால் விழுவது விறுவிறுப்பாக இருக்கும், திரையில் மிதப்பது போல் தோன்றாது. கேம் செய்கிறவர்கள் பரவலாகக் கையாளும் தந்திரம்தான் இது. ஆனால் போர்ட்டலில் இதற்கு ஒரு வேடிக்கையான பலன் இருக்கிறது. h உயரம் விழுந்து, தரையிலிருந்து H உயரத்தில் கிடைமட்டமாக வெளியே வந்தால் தாண்டும் தூரம் h, H இரண்டின் பெருக்கலுக்கு வர்க்கமூலம் எடுத்து இரண்டால் பெருக்கியது. சமன்பாட்டைப் போட்டுப் பார்த்தால் ஈர்ப்பு முடுக்கம் மேலும் கீழும் அடிபட்டுப் போய்விடும். நிலாவில் ஆடினாலும் வியாழனில் ஆடினாலும் தாண்டும் தூரம் ஒன்றுதான். எடுக்கும் நேரம் மட்டும் மாறும். அதனால் ஈர்ப்பைக் கூட்டியதில் ஆடுபவரின் கண் கணக்குக்குச் சேதாரம் இல்லை. இதை யோசித்துச் செய்தார்களா, தானாக அமைந்ததா என்பது வேறு விஷயம்.

கால் உடையாதா என்ற கேள்வியும் வந்தது. அவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தும் செல்லுக்கு ஒன்றும் ஆகாதது சோதனை ஆட்டக்காரர்களை உறுத்தியது. இதற்கு விதியை மாற்றவில்லை. செல்லின் குதிகாலில் வளைந்த ஸ்பிரிங் ஒன்றை மாட்டினார்கள். மணிக்கு 50 கிலோமீட்டரில் தரையில் இறங்கும் ஆளை அந்த ஸ்பிரிங் காப்பாற்றாது என்பது எல்லாருக்கும் தெரியும். இருந்தாலும் கேள்வி அடங்கிவிட்டது. இத்தனை ஓட்டை உள்ள உலகத்தில்கூட, காரணம் என்று ஒன்றைக் கண்ணில் காட்டிவிட்டால் மனம் சமாதானமாகிவிடுகிறது.

பக்கத்தில் நின்று பார்த்தது

வால்வில் இந்தக் குழு ஆரம்ப நாட்களிலிருந்தே வெளியாட்களைக் கூட்டி வந்து ஆடவைத்தது. விளக்கம் சொல்வதில்லை, உதவுவதில்லை, நின்று பார்ப்பது மட்டும். ஸ்விஃப்டும் எழுத்தாளர் எரிக் வோல்பாவும் பின்னால் மாநாட்டு உரைகளில் சொன்னதையும், கேமுக்குள்ளேயே சேர்த்துவைத்த குழுவினரின் விளக்கவுரைகளையும் வைத்துப் பார்த்தால், கேமின் புகழ்பெற்ற பகுதிகள் பலவும் இப்படி எவரோ திணறியதைப் பார்த்துப் பிறந்தவைதான்.

துப்பாக்கி கொடுக்கப்படும் வரிசையையே பாருங்கள். முதல் அறைகளில் துப்பாக்கியே கிடையாது. போர்ட்டல்கள் தாமாகத் திறக்கும், நடந்து பார்த்துப் பழகிக்கொள்ளலாம். இரண்டாம் அறையில் நீலம் மட்டும் சுடும் துப்பாக்கி. ஆரஞ்சு எங்கே இருக்க வேண்டும் என்பதை அறையே முடிவு செய்யும். இரண்டு நிறமும் கைக்கு வருவது பதினோராம் அறையில்தான். விழுந்து பறக்கும் வித்தையை அதற்கு முந்தைய அறையில், ஒரே நிறத்தோடு கற்றுக்கொடுத்துவிடுகிறார்கள். ஒரு நேரத்தில் ஒரே ஒரு புதிய விஷயம். பள்ளிக்கூடப் பாடத்திட்டம் எழுதுகிறவர்கள் உட்கார்ந்து பார்க்க வேண்டிய வரிசை இது.

பதினேழாம் அறையில் ஒரே பெட்டியை அறை முழுக்கக் கூடவே தூக்கிச் செல்ல வேண்டும். சோதனை ஆட்டக்காரர்கள் அதை அங்கங்கே போட்டுவிட்டுப் போய், அப்புறம் தெரியாமல் விழித்தார்கள். தனிமைச் சிறையில் இருப்பவர்கள் உயிரற்ற பொருள்களோடு ஒட்டுதல் கொள்வார்கள் என்று அரசு விசாரணை ஆவணம் ஒன்றில் படித்திருந்தார் வோல்பா. பெட்டியில் இளஞ்சிவப்பு இதயம் ஒன்றை வரைந்து, ‘இது உன் துணை’ என்று கிளாடோஸைச் சொல்லவைத்தார்கள். அப்புறம் ஒருவரும் அதை விட்டுவிட்டுப் போகவில்லை. அறையின் முடிவில் அந்தப் பெட்டியை எரியுலையில் போடச் சொல்லிக் கட்டாயப்படுத்துகிறது கிளாடோஸ். குரூரமான நகைச்சுவை, ஆனால் அதில் ஒரு காரியமும் உண்டு. கடைசிச் சண்டையில் கிளாடோஸின் உறுப்புகளை எரியுலையில்தான் போட வேண்டும். எரியுலையை இயக்குவது எப்படி என்ற பயிற்சி அழுகையோடு சேர்ந்து ஏற்கெனவே முடிந்துவிட்டது.

கிளாடோஸே ஓரளவு இப்படி வந்ததுதான். கதை என்று பெரிதாக எதுவும் இல்லாத நாட்களில் ஆடிப் பார்த்தவர்கள், ‘நன்றாக இருக்கிறது, பயிற்சி முடிந்து கேம் எப்போது ஆரம்பிக்கும்?’ என்று கேட்டார்கள். அறைகளைக் கோக்க ஒரு நூல் தேவைப்பட்டது. குழு சின்னது, மனிதப் பாத்திரங்களை உருவாக்கி நடக்கவைக்க ஆள் பலமும் நேரமும் இல்லை. குரல் மட்டும் என்றால் செலவு குறைவு. வோல்பா தற்காலிக வசனங்களைக் கணினியின் இயந்திரக் குரலில் படிக்கவிட்டார், கேட்டவர்கள் சிரித்தார்கள். ஓபரா பாடகியான எல்லன் மெக்லெய்ன் அந்த இயந்திரக் குரலின் ஏற்ற இறக்கத்தையே பிடித்துப் பேசினார். கேக் தருகிறேன் என்று கடைசிவரை ஆசைகாட்டி, நடுவில் கொல்லப் பார்க்கும் அந்தப் பணிவான குரல் இல்லாமல் போர்ட்டல் நல்ல புதிர்த் தொகுப்பாக மட்டுமே இருந்திருக்கும்.

கடைசிச் சண்டையையும் பல தடவை மாற்றினார்கள். லேசர்கள், ஏவுகணைகள் என்று வழக்கமான வில்லன் சண்டைகளை வைத்துப் பார்த்ததில், அதுவரை நிதானமாக யோசித்து ஆடியவர்கள் பதறித் தடுமாறினார்கள். அதே ஆட்களுக்கு மிகவும் பிடித்திருந்தது சற்று முன்னால் வரும் நெருப்புக் குழிக் காட்சி. அது கடினமான புதிரே இல்லை. மேடை நெருப்பை நோக்கி நகரும்போது கொஞ்ச நேரத்துக்குள் ஒரு போர்ட்டல் போட வேண்டும், அவ்வளவுதான். சூழ்நிலையில் அச்சம், புதிரில் எளிமை. அந்தச் சூத்திரத்திலேயே கடைசிச் சண்டையையும் திரும்பக் கட்டினார்கள். முடிவு சப்பென்று இருக்கிறது என்று குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கு அந்தக் குறை இல்லை, ஏனென்றால் அதற்குள் களைத்துப் போயிருக்கும் ஆளுக்கு அது சரியான அளவு.

பிறகு நடந்தவை

அடுத்த பாகத்துக்கு வால்வ் முதலில் போர்ட்டலே இல்லாமல் முயன்றது. ‘எஃப்-ஸ்டாப்’ என்ற பெயரில் வேறொரு இயக்கமுறையோடு, பழைய காலத்தில் நடக்கும் கதையாக ஒரு கேமை ஆரம்பித்தார்கள். ஆடிப் பார்த்தவர்கள் ‘போர்ட்டல் எங்கே, கிளாடோஸ் எங்கே?’ என்று கேட்டார்கள். அதை மூட்டைகட்டி வைத்துவிட்டு 2011 ஏப்ரலில் ‘போர்ட்டல் 2’ஐ வெளியிட்டார்கள். அதில் வரும் வண்ணக் களிம்புகள், நீலத்தில் விழுந்தால் எம்பும், ஆரஞ்சில் ஓடினால் வழுக்கிக்கொண்டு வேகம் பிடிக்கும். இதுவும் டிஜிபென் மாணவர்களின் வேறொரு கேமிலிருந்து வந்தது. அவர்களையும் வால்வ் வேலைக்கு எடுத்துக்கொண்டது. ஸ்விஃப்ட் 2009இலேயே விலகி, 2012இல் ‘குவாண்டம் கனண்ட்ரம்’ என்ற கேமைக் கொண்டுவந்தார். பொருள்களின் எடையையும் ஈர்ப்பின் திசையையும் காலத்தின் வேகத்தையும் அதில் மாற்றலாம். யோசனை நல்லதுதான், ஆனால் ஒரே நேரத்தில் இத்தனை விதிகளில் கை வைத்ததால் எதை நம்பிக் குதிப்பது என்ற தெளிவு குறைந்துவிட்டதாக எனக்குப் பட்டது.

நகரும் பரப்பில் போர்ட்டல் கூடாது என்ற விதியைப் ‘போர்ட்டல் 2’ ஓர் இடத்தில் தளர்த்தியது. நச்சுவாயுக் குழாய்களை லேசரால் அறுக்கும் காட்சியில் போர்ட்டல் உள்ள பலகை நகர்கிறது. அதன் வழியாகப் போவது ஒளிக்கதிர் மட்டும் என்பதால், பெட்டி பாயுமா நிற்குமா என்ற வம்பு அங்கே வரவில்லை. முடிவில் நிலாவில் ஒரு போர்ட்டல் திறக்கும். திறந்த நொடியில் அறையில் உள்ள காற்று, ஆட்கள் எல்லாம் வெற்றிடத்தை நோக்கி அடித்துக்கொண்டு போகும். முதல் பாகம் கண்டுகொள்ளாமல் விட்ட காற்றழுத்தம் இங்கே கதையின் உச்சக்கட்டம்.

2012இல் வால்வ் ‘போர்ட்டல் 2’இல் சொந்தமாக அறைகள் கட்டும் கருவியைச் சேர்த்தது, ஆசிரியர்கள் வகுப்பில் பயன்படுத்தவும் ஒரு திட்டம் அறிவித்தது. இயற்பியல் வகுப்புக்கு இதைக் கொண்டுபோக நினைப்பவர்களுக்கு ஒரு விஷயம். பெட்டியை விழவிட்டு நேரத்தை அளந்து ஈர்ப்பு முடுக்கத்தைக் கணக்கிட்டால் 9.8 வராது. அலகுக்கு எத்தனை அங்குலம் என்பதிலேயே விவாதம் தொடங்கி, வகுப்பு முடிந்துவிடும். பெட்டியைப் பள்ளத்தில் போட்டுப் பறக்கவிட்டு, விழுந்த உயரத்தையும் வெளிவந்த உயரத்தையும் தாண்டிய தூரத்தையும் தரை ஓடுகளை எண்ணி அளக்கச் சொல்லுங்கள். பள்ளம் அளவுக்கு மீறி ஆழமாக இல்லாத வரை அந்தக் கணக்கு சரியாக வரும்.